செய்தி நேரத்தில் உயர்ந்த கை

பெரியப்பா இறந்த தகவல் தொழிற்சாலைக்கு வந்தது. ஃபோர்மேன் தோளைத் தொட்டு, "கிளம்புங்க தம்பி, மத்ததை நான் பாத்துக்கறேன்" என்றார். மோட்டாருக்குச் சுற்றிக்கொண்டிருந்த கம்பியை முடித்துவிட்டுத்தான் ஸ்ரீரங்கம் பஸ் ஏறினேன்.

பெரியப்பா செயலாளராக இருந்த வாசகசாலையின் நினைவு மலருக்கு வாசகசாலைக்காரர்கள் நீங்கள் நாலு வரி கேட்டீர்கள். நல்லதாக எழுதச் சொன்னீர்கள். எனக்கு இருந்ததை இருந்தபடி எழுதத்தான் வரும்.

அம்மா இறந்து, அப்பா வடக்கே வேலைக்குப் போனபோது, தனிக்கட்டையான பெரியப்பாவின் வீட்டில் என்னை விட்டார்கள். சோறு, துணி, படிப்பு எதிலும் குறையில்லை. வருகிறவர்களிடம், "பையன் இருக்கிற இடமே தெரியாதுங்க" என்பார். வெகுநாள் அதைப் பாராட்டு என்றே நினைத்திருந்தேன்.

மாலைச் செய்திக்கு வீட்டுக் கூடத்தில் அவருடைய ரேடியோவைச் சுற்றி நீங்கள் எல்லோரும் உட்காருவீர்கள். யார் வாயைத் திறந்தாலும் அவர் உள்ளங்கை உயரும். "உலகம் எப்படிப் போகுதுன்னு தெரியாதவன் என்ன மனுஷன்" என்பார். ஒரு நாள் கொள்ளிடக் கரையில் விழுந்து, இடது கையைப் பிடித்துக்கொண்டு வந்து, "பெரியப்பா" என்றேன். உள்ளங்கை உயர்ந்தது. நின்றேன். செய்தி முடிந்தது, எங்கோ நடக்கும் சண்டையை உங்களுக்கு விளக்க ஆரம்பித்தார். கடைசியில் தையற்கடை பாய்தான், "ஐயா, உலகம் கிடக்கட்டும், பையன் கை தொங்குதுங்க" என்றார்.

"வாயைத் திறந்து சொல்றதுக்கென்னடா?" என்றார் பெரியப்பா. என் இடது கை இன்றும் முழுதாக நீளாது.

போன வருஷம் ரேடியோ கெட்டுவிட்டதென்று என்னை வரச்சொன்னார். அதற்குள் நீங்கள் ஆளுக்கொன்று வாங்கிவிட்டீர்கள். கூடத்தில் அவர் மட்டும்தான். விட்டுப்போன இணைப்பைப் பற்றவைக்கும்போது முதல்முறையாகக் கேட்டார்: "வேலையெல்லாம் எப்படிடா இருக்கு? ராத்திரி தங்கிட்டுப் போயேன்." மணி பார்த்து ரேடியோவைத் திருகினேன். செய்தி வந்தது. கோணிய கையை உயர்த்தி உள்ளங்கையைக் காட்டினேன். அடங்கிப்போய் வாயை மூடிக்கொண்டார். செய்தி முடிந்ததும் கிளம்பிவிட்டேன். வருத்தப்படுவதாக எழுதினால் பொய்.

காரியம் முடிந்தபின் ரேடியோவை மட்டும் எடுத்துவந்தேன். காட்டூரில் என் அறையில் இருக்கிறது. செய்தி நேரத்தில் வீட்டுக்காரர் மகன் முழங்கால் சிராய்ப்போடு வாசலில் வந்து நிற்பான். "அண்ணே" என்பான். பாதி வாக்கியத்திலேயே ரேடியோவை நிறுத்திவிட்டு, "சொல்லுடா" என்பேன். ஒவ்வொரு முறையும் பெரியப்பாவின் கையைப் பிடித்துக் கீழே இறக்கியதுபோல் இருக்கிறது.