கோடம்பாக்கத்தில் அண்ணன் போட்ட பிண வேஷம்

கோடம்பாக்கத்தில் என்னென்ன பார்க்கலாம் என்று கேட்டு எழுதுகிறீர்கள். நான் சுற்றிப் பார்க்கப் போனவன் இல்லை. 1960 ஆவணியில், என் அண்ணன் முத்தையா உயிரோடு இருக்கிறானா என்று பார்த்துவரப் போனேன்.

நடிக்கப் போன அண்ணனிடமிருந்து ஐந்து மாதமாகக் கடிதம் இல்லை. அந்தச் சமயத்தில்தான் திருமயம் டூரிங் கொட்டகைக்கு ஒரு படம் வந்தது. அதில் மாலையோடு பாடையில் கிடந்த பிணம் என் அண்ணன்! தரை டிக்கெட்டில் இருந்த ஆத்தா, "ஐயோ, ஏம்புள்ளயத் தூக்குறாங்களே!" என்று மாரில் அடித்துக்கொண்டாள். "அது வேசம் ஆத்தா" என்று சிரித்தேன். கொட்டகையே சிரித்தது. வீட்டுக்கு வந்ததும் அவள் தலைமுழுகினாள். "போயிக் கூட்டிக்கிட்டு வாடா" என்று தினமும் நச்சரித்தாள். விதைப்பு முடியட்டும் என்று மூன்று வாரம் இழுத்தடித்தேன்.

புதுக்கோட்டையிலிருந்து சென்னை ஏறக்குறைய 240 மைல். சாயங்காலம் ஏறி, காலை ஆறரைக்கு எழும்பூரில் இறங்கினேன். மூன்றாம் வகுப்பு, ஒன்பது ரூபாய், பாதித் தூரம் நின்றபடிதான். அங்கிருந்து மின்சார ரயிலில் மூன்றாவது ஸ்டேஷன் கோடம்பாக்கம்.

ரயில்வே கேட் மூடியிருந்தது. நின்ற காருக்குள் ஒரு நடிகை பவுடர் போட்டுக்கொண்டிருந்தார். கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டு நின்ற கூட்டத்தில் நானும் ஒருவன். பத்து நிமிடம் அண்ணனை மறந்தே போனேன். வெட்கக்கேடு.

அண்ணனின் அறை பத்தடிக்கு எட்டடி. ஏழு பேர் முறைவைத்துத் தூங்கும் இடம். சட்டை துவைத்துக்கொண்டிருந்த கோவிந்தன், அறந்தாங்கிக்காரர், என் முகத்தைப் பார்த்ததுமே எழுந்துவிட்டார்.

"முத்தையா தம்பியா? உக்காருங்க. பங்குனியிலயே போயிட்டாருங்க. மஞ்சக்காமாலை."

ஏன் சொல்லி அனுப்பவில்லை என்று கத்தினேன்.

"பொட்டியக் கொட்டிப் பாத்தோங்க. ஊர்க் கடுதாசி ஒண்ணுகூட இல்ல. எந்த வெலாசத்துக்கு எழுதுறது? பாடை கட்டக்கூட வழியில்லாம, நாங்களே வண்டியில வச்சுக் கொண்டுபோனோம்." பிறகு சொன்னார்: "பிண வேசம்னா மத்தவன் சகுனம் பாத்து ஒதுங்குவான். இவரு மட்டும், 'மொகத்தக் கிட்டக் காட்டுவாங்க, எங்க ஆத்தா பாக்கும்'னு போய்ப் படுத்துக்குவாரு."

அவன் எழுதிய பதினோரு கடிதத்துக்கும் பதில் எழுதச் சோம்பியவன் நான்தான்.

நான் திரும்பியபோது படம் பொன்னமராவதிக்குப் போயிருந்தது. சேதியைக் கேட்ட ஆத்தா பிடிவாதமாக அங்கே கூட்டிப்போகச் சொன்னாள். பாடை வந்ததும் எழுந்து, முந்தானையில் முடிந்திருந்த வாய்க்கரிசியைத் திரைமேல் போட்டாள். ஜனங்கள் சிரித்தார்கள்.

போகிறவர்களுக்கு: அந்த கேட் இப்போது இல்லை, மேம்பாலம்தான். உங்கள் வீட்டுப் பிள்ளை அங்கே பிழைத்துக்கொண்டிருந்தால், நாலு வரியாவது பதில் எழுதுங்கள். உங்கள் விலாசம் அவன் பெட்டியில் கிடக்கட்டும்.