கரையில் விழுந்த லொக்கேஷன்

குடவாசலைச் சுற்றிச் சரக்கு ஆட்டோ ஓட்டுகிறவன் நான். விதை மூட்டை, உரம், கல்யாணப் பாத்திரம், அறுத்த நெல் என்று எதையும் ஏற்றுவேன். பள்ளிக்கூடம் எட்டாவதோடு சரி. மிச்சத்தை வண்டியில் ஏறியவர்களின் வாயிலிருந்தும், பழைய பேப்பர் கடைக்கு எடைக்கு வந்த புத்தகங்களிலிருந்தும் படித்துக்கொண்டேன். அதனால்தானோ என்னவோ, ஊருக்குள் ஒரு புது வார்த்தை வந்தால் அதை யார் எப்படிச் சொல்கிறார்கள் என்று என் காது தானாக அந்தப் பக்கம் போய்விடும். கொஞ்ச வருடமாக என் காதைப் பிடித்து வைத்திருக்கும் வார்த்தை, லொக்கேஷன்.

இந்த வார்த்தை எங்கள் பக்கத்துக்கு அடியோடு புதிதில்லை. திருவையாற்றில் காவேரிக் கரையோரம் காரை நிறுத்திவிட்டு, விரல்களால் சட்டம் கட்டி ஆற்றைப் பார்க்கும் சினிமாக்காரர்கள், “லொக்கேஷன் பாக்க வந்தோம்” என்பார்கள். அப்போது அது அவர்களுடைய சொத்து. எங்கள் படித்துறையை நாங்கள் அப்படிச் சொன்னதில்லை. ஆளுக்கொரு செல்போன் வந்து, அதற்குள் மேப்பும் வந்த பிறகுதான் வார்த்தை எங்கள் கைக்கு வந்தது. வந்த கையோடு எங்கள் ஆட்கள் அதன் பக்கத்தில் ‘போடு’ என்பதைச் சேர்த்துவிட்டார்கள். சோறு போடுகிறோம், கோலம் போடுகிறோம், விதை போடுகிறோம். லொக்கேஷனும் போடுகிறோம். அடுத்தவருக்கு ஆகட்டும் என்று நம் கையால் வைப்பதற்கெல்லாம் போடு என்றுதானே சொல்கிறோம்! வெளியூர் வார்த்தையை இதைவிட அழகாக வீட்டுக்குள் சேர்த்துக்கொள்ள முடியாது என்று எனக்குத் தோன்றும்.

அதற்குப் பிறகு அந்த வார்த்தை போகாத இடமில்லை. ரேஷன் கடை வரிசையில் ஒரு பெண் போனில் சொன்னாள்: “இருடி, எங்க மாமியா இன்னைக்கு எந்த லொக்கேஷன்ல இருக்காங்கன்னு பாத்துட்டு அப்பறம் கேக்குறேன்.” மாமியார் வீட்டில்தான் இருந்தார். அவள் கேட்டது அவருடைய கோபம் எந்த மட்டத்தில் இருக்கிறது என்று. பேராவூரணியிலிருந்து தேங்காய் ஏற்றிவரும் வியாபாரி ஒருவர், எங்கள் ஊர்க்காரர் ஒருவர் ஆசையாக வாங்கிய மனையைப் பார்த்துவிட்டு, “லொக்கேஷன் தங்கமான லொக்கேஷன். தண்ணி மட்டும்தான் கேக்காம வரும்” என்றார். டீக்கடைக் கேலியை எழுதினால் முடியாது. “மாப்ள கிளாஸ கையில எடுக்கறதுக்கு முன்னாடி வீட்டுக்கு லைவ் லொக்கேஷன் போட்டுருவாரு” என்று ஒருவர் ஆரம்பிக்க, “பின்ன? போடலன்னா அவங்களே லைவா வந்து நிப்பாங்கல்ல” என்று அந்த மாப்பிள்ளையே முடித்துவைப்பார். யாரும் சொல்லிக்கொடுக்காமல் இப்படியெல்லாம் பேச எங்கே கற்றார்கள் என்று நான் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி சிரித்துக்கொண்டே போவேன்.

ஆனால் இந்த வார்த்தைக்கு ஒரு மரியாதை உண்டு என்று நான் தெரிந்துகொண்டது என் அக்கா வயலில்.

அக்காவின் வீட்டுக்காரர் வெளிநாட்டில் வேலை பார்க்கிறார். அவர் ஊரில் இல்லாமலே அந்த வருடம் அக்கா தன் பொறுப்பில் ஒரு வயலைக் குத்தகைக்குப் பிடித்துச் சம்பா போட்டிருந்தாள். “பொம்பள தனியா என்னத்த பாக்கப்போவுது” என்று சொன்னவர்கள் எங்கள் சொந்தத்திலேயே இருந்தார்கள். பயிர் நன்றாகவே வந்தது. கதிர் முற்றித் தலை கவிழ்ந்து, தொட்டால் மணி உதிரும் பக்குவத்தில் நின்றது. அந்த நேரம் பார்த்து மழை வரும் என்று செய்தி. முற்றிய கதிர் சாய்ந்து தண்ணீரில் கிடந்தால் கிடந்த இடத்திலேயே முளைத்துவிடும். அது அவளுடைய முதல் வெள்ளாமை. அதைக் கரை சேர்க்கவில்லை என்றால் அடுத்த வருடம் அவளை நம்பி யாரும் வயல் தரமாட்டார்கள். சாப்பாடு இறங்காமல் வரப்பிலேயே நின்றாள்.

அறுப்பு மெஷின்கள் சேலம் பக்கமிருந்து வரும். எல்லோருக்கும் ஒரே நேரத்தில் வேண்டும் என்பதால் கிடைப்பது குதிரைக் கொம்பு. அக்கா போன் போட்டுப் போட்டு ஒரு டிரைவரைப் பிடித்தாள். டயர் வண்டி; ஈரம் கண்ட வயலில் இறங்காது. ஆக, மழைக்கு முன்னால் வந்தால்தான் உண்டு. “லொக்கேஷன் போடுங்கக்கா, வந்தர்றேன்” என்றார் அவர்.

அக்கா போட்டாள். அங்கேதான் தப்பு நடந்தது. அந்த வயலுக்குள் டவர் கிடைக்காது. டவர் வேண்டுமென்றால் பக்கத்து வாய்க்கால் கரை மேல் ஏறி நிற்க வேண்டும். ஊரே அப்படித்தான் பேசும். அக்காவும் கரை மேல் ஏறி நின்றுதான் லொக்கேஷன் போட்டாள். மேப்புக்கு என்ன தெரியும்? புள்ளி கரையில் விழுந்தது. கரைக்குப் பக்கத்தில் தார் ரோடு எங்கே என்று மேப் தேடியது. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் ஒன்று இருந்தது.

மதியம் தாண்டி மெஷின் சத்தம் கேட்டது. நெல் ஏற்ற ஆட்டோவோடு நானும் வந்திருந்தேன். இரண்டு பேரும் ஓடிப்போய்க் கரையில் ஏறினோம். எதிர்க்கரையில் மெஷின் நின்றது. நடுவில் வாய்க்கால், இரண்டு கரையும் தொட்டுத் தண்ணீர்.

“வந்துட்டனுங்கக்கா! லொக்கேஷன்லதான் நிக்கறேன்!” என்று டிரைவர் மேலேயிருந்து கையை ஆட்டினார்.

“நீங்க நிக்கிறீங்க, வயலு இங்கல்ல இருக்கு!” என்றாள் அக்கா.

சுற்றி வர வேண்டுமானால் மேற்கே சட்ரஸ் பாலம், அதாவது தண்ணீர் திறந்து மூடும் மதகுப் பாலம் வரை போய், இந்தப் பக்கக் கரையில் புல் மூடிய வண்டிப்பாதையில் திரும்ப வேண்டும். மேப்பில் அப்படி ஒரு பாதையே இல்லை. டிரைவர் தயங்கினார். அவர் தயங்கியதற்கு இன்னொரு காரணமும் இருந்தது. மெஷினுக்குப் பக்கத்திலேயே பொன்னாக விளைந்த ஒரு வயல் அறுப்புக்கு நின்றது. சத்தம் கேட்டு அந்த வயலின் சொந்தக்காரரும் அவர் சம்சாரமும் வந்துவிட்டார்கள். அவரை நாங்கள் அதுவரை கரைக்குக் கரை பார்த்திருக்கிறோமே தவிரப் பேசியதில்லை. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் வேறு ஊர்.

“இவரு வயல முதல்ல அறுத்துட்டு அப்பறமா சுத்தி வரட்டுங்களாக்கா?” என்று டிரைவர் கேட்டார். அக்கா மேகத்தைப் பார்த்தாள். கிழக்கே கறுத்துக்கொண்டு வந்தது. மழை வந்துவிட்டால் எங்கே அப்பறம்? எனக்கே நம்பிக்கை போய்விட்டது. வாசலில் வந்து நிற்கிற மெஷினை யார் விடுவார்கள்?

அந்த மனிதர் எங்களைப் பார்த்துக் கத்தினார். “ஏம்மா தங்கச்சி, வண்டி நீ லொக்கேஷன் போட்டு வந்ததா?”

“ஆமாண்ணே!”

அவர் உடனே டிரைவர் பக்கம் திரும்பினார். “அப்ப என்ன தம்பி யோசிக்கிற? திருப்பு வண்டிய. நான் முன்னாடி போறேன், என் பின்னாலயே வா.”

பக்கத்தில் நின்ற சம்சாரத்துக்குப் பொறுக்கவில்லை. “ஆமா, ஊருக்கெல்லாம் வழி காட்டுங்க. நம்ம வயலு நல்லா குளிக்கட்டும்!”

“ஏண்டி, அவங்க முறைக்கு வர்ற தண்ணிய நம்ம வயல்ல மடக்குவமா?”

“அது எப்படி மடக்குறது?”

“இதுவும் அப்படித்தான். லொக்கேஷன் அந்தப் பொண்ணு போட்டது. அது அறுத்து முடிக்கிறவரைக்கும் வண்டி அதோடது.”

“பேச்சுக்கு ஒண்ணும் குறைச்சல் இல்ல” என்றார் அந்த அம்மா. ஆனால் மொபெட் சாவியை மடியிலிருந்து எடுத்துக் கொடுத்ததும் அவர்தான்.

ஆறு, வாய்க்கால் என்று பிரிந்து பிரிந்து வரும் தண்ணீரை எங்கள் ஆட்கள் முறை வைத்துத்தான் பாய்ச்சுகிறார்கள். இன்றைக்கு உன் முறை, நாளைக்கு என் முறை. இடையில் மடை மாற்றினால் ஊர் சும்மா விடாது. அந்த நியாயத்தைத் தூக்கி, நேற்று வந்த ஒரு செல்போன் வார்த்தைக்குள் ஒரு நொடியில் வைத்துவிட்டார் அந்த மனிதர். அதைப் பெரிய விஷயமாக அவர் நினைக்கவும் இல்லை. எந்தப் புத்தகத்திலும் எனக்குக் கிடைக்காத அர்த்தம் அது.

அவர் மொபெட்டில் முன்னால் போக, மெஷின் பின்னால் போனது. கொஞ்ச நேரத்தில் எங்கள் பக்கக் கரையில் புல்லை மிதித்துக்கொண்டு வந்து சேர்ந்தார்கள். பாதையில் சரிந்த கருவேலங்கிளையை அவரே இறங்கி வெட்டித் தள்ளியிருந்தார். கையெல்லாம் முள் கீறல். அக்கா கும்பிட்டாள். “கும்பிடுறதெல்லாம் இருக்கட்டும், மேக்கால மூலையிலேர்ந்து ஆரம்பிக்கச் சொல்லு. அங்கதான் தண்ணி முதல்ல தேங்கும்” என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் போனார்.

மெஷின் மேற்கு மூலையிலிருந்தே இறங்கியது. அறுக்க அறுக்க நான் நெல்லை ஏற்றிப்போய் அக்கா வீட்டுச் சிமெண்டுக் களத்தில் கொட்டித் தார்ப்பாயால் மூடினேன். கடைசி நடையை மூடிவிட்டுத் திரும்பி வரும்போது முதல் தூறல் விழுந்தது. வயல் வெறும் அறுத்த தாளாக நின்றது. ஒரு மணியும் நனையவில்லை. ஆனால் அந்த மனிதர் வயலை அறுக்கத் திரும்பிய மெஷின் பாலத்தைக்கூடத் தாண்டவில்லை, மழை பிடித்துக்கொண்டது. இனி அது எந்த வயலிலும் இறங்காது. டிரைவர் ரோட்டோரம் நிறுத்திவிட்டார்.

அக்கா கரையில் நின்று எதிர்ப்பக்கம் பார்த்தாள். அந்த மனிதர் தன் வயலில் குனிந்து நிற்பது மழைக்குள் மங்கலாகத் தெரிந்தது. தேங்கும் தண்ணீரை வெளியேற்ற வரப்பை வெட்டிக்கொண்டிருந்தார்.

“தம்பி, மம்முட்டிய எடுத்து வண்டியில போடு” என்றாள்.

மண்வெட்டியோடு பாலத்தைச் சுற்றிக்கொண்டு போய்ச் சேர்ந்தபோது நாங்கள் தொப்பலாக நனைந்திருந்தோம். அவர் நிமிர்ந்து பார்த்து, “எதுக்கு தங்கச்சி இந்த மழையில?” என்றார்.

“நீங்க அந்தப் பக்கம் வெட்டுங்கண்ணே, நான் இந்தப் பக்கம் வெட்டுறேன். தண்ணி நிக்கக்கூடாது.”

அந்த அம்மா உரச்சாக்கை மடித்துத் தலையில் கவிழ்த்தபடி வரப்பில் வந்தார். கையில் இன்னொரு சாக்கு இருந்தது. அதை அக்கா தலையில் கவிழ்த்துவிட்டு, மம்முட்டி பிடித்த அவள் கையைக் கொஞ்ச நேரம் பார்த்தார். “நல்லா ஆழமாத்தான் வெட்டுற” என்றார்.

காற்று அடித்த பக்கம் கதிர் சாய்ந்துவிட்டது. அதை ஒன்றும் செய்ய முடியவில்லை. மற்றதெல்லாம் நின்றது. வெட்டிய வாய் வழியாகத் தண்ணீர் சலசலவென்று வடிகாலுக்கு இறங்கத் தொடங்கியதும், நாலு பேரும் மழையில் நின்று அது போவதையே பார்த்துக்கொண்டிருந்தோம்.