அந்தப் பென்சில் குறிகள் என்னுடையவை

இல்லை, அவள் என் மகனைக் கொல்லவில்லை. எதிர்வீட்டுத் தையல்காரியிடம் இதை எத்தனை தரம் சொல்லியாயிற்று. அவள் ஊசியில் நூலைக் கோர்த்துக்கொண்டே, "சரி விடுங்க, பெத்தவளே சொல்லும்போது நாங்க என்ன சொல்ல முடியும்" என்கிறாள். அந்த "சரி விடுங்க"வில் இருக்கிற நக்கல் எனக்குப் புரியாமலா இருக்கிறது? எனக்கு எழுத்துதான் தெரியாது, பேச்சு நன்றாகத் தெரியும். என் மருமகள் எவனோடோ போய்விட்டாள் என்று மாடிப்படியில் நின்று மென்று துப்புகிறவர்களுக்கும் சேர்த்தே சொல்கிறேன். எவனும் இல்லை. அவளுக்கு இருந்ததெல்லாம் என் மகன் ஒருவன், நான் ஒருத்தி, ஒரு பை நிறையப் புத்தகம்.

என் மருமகள் வாடகைப் புத்தகக் கடையில் வேலை செய்தாள். கடை என்றால் பெரிதாக நினைத்துவிட வேண்டாம். மருந்துக் கடைக்கும் சாவி செய்கிறவன் கடைக்கும் நடுவே, எதிரெதிரே இரண்டு பேர் வந்தால் ஒருவர் ஒருக்களித்து நிற்க வேண்டிய அகலம். கிழிந்த புத்தகத்தின் முதுகுக்குத் துணி ஒட்டுவாள், உதிர்ந்த தாளைத் தைப்பாள், பழுப்புத் தாளில் அட்டை போடுவாள். பிறகு பையைத் தோளில் மாட்டிக்கொண்டு வீடு வீடாகப் போய்ப் படித்ததை வாங்கிப் படிக்காததைக் கொடுப்பாள். பசை காய்ந்து காய்ந்து அவள் விரல் எப்போதும் தோல் உரிந்தாற்போல் இருக்கும்.

கடையில் காதல் கதையும் இருந்தது, வைத்தியப் புத்தகமும் இருந்தது. ஆனால் இந்தத் தெரு அடித்துப் பிடித்துக் கேட்டது கொலைகாரர்களின் வாழ்க்கைக் கதையைத்தான். எவன் எத்தனை பேரை எங்கே புதைத்தான், எப்படி மாட்டினான், கடைசியில் என்ன சொன்னான். தையல்காரி வாரத்துக்கு இரண்டு முடிப்பாள். நடுவில் படம் போட்ட தாளை யாராவது கிழித்திருந்தால், பிணத்தைப் பார்க்க முடியாமல் போன துக்கத்தில் என் மருமகளோடு அரைமணி நேரம் மல்லுக்கு நிற்பாள். மூன்றாம் மாடி வாத்தியார் இலக்கணப் புத்தகத்துக்குள் வைத்துப் படிப்பார்.

எனக்கும் அந்தப் பைத்தியம் உண்டு, மறைக்கமாட்டேன். என் மகனுக்கு ஃபிரிட்ஜ் பழுதுபார்க்கிற வேலை. காலையில் கருவிப்பெட்டியோடு போனால் பொழுது சாயத்தான் வருவான். மருமகள் மத்தியானம் சாப்பிட வீட்டுக்கு வருவாள். சாப்பிட்டுக் கை கழுவியதும் ஜன்னலோரம் உட்கார்ந்து எனக்கு வாசிப்பாள். நான் பட்டாணி உரித்துக்கொண்டே கேட்பேன். அழுகிற இடத்தில் அழுது, மிரட்டுகிற இடத்தில் மிரட்டி நடிக்கமாட்டாள். ரயில் வருகிற நேரத்தை அறிவிக்கிற மாதிரி ஒரே சீராக வாசிப்பாள். கொலையை அப்படி வாசித்தால்தான் நிஜம்போல இருக்கும்.

எனக்குப் பிடித்த இடம் வந்தால், அதை இன்னொரு தரம் வாசி என்பேன். பிடித்த இடம் எது? கொலை நடக்கிற இடம்தான், வேறென்ன. கல்யாணமும் பிள்ளைப்பேறும் நான் பார்க்காததா? மறுநாளும் அதையே கேட்பேன். தேடித் தேடி அவளுக்கு அலுத்துப்போய், நான் கேட்கிற இடங்களின் ஓரத்தில் பென்சிலால் குறுக்கே இரண்டு கோடு இழுத்து வைப்பாள். திருப்பிக் கொடுக்கும் முன் ரப்பரால் அழித்துவிடுவாள். புத்தகத்தில் யாராவது கிறுக்கினால் கடை முதலாளி ஆளையே கடித்துத் தின்றுவிடுவார்.

பாலில் விஷம் வைத்து மூன்று புருஷன்மாரைத் தீர்த்துக்கட்டிய ஒருத்தியின் கதை இருந்தது. அதை மட்டும் மூன்று தரம் கொண்டுவரச் சொன்னேன். எழுதினவர் கெட்டிக்காரர். அவள் டம்ளரில் கரண்டி விட்டுக் கிண்டுகிற சத்தம் நம் காதில் விழும். அந்தப் புத்தகத்தில் பதினான்கு குறி. பதினான்கும் நான் கேட்டு அவள் போட்டது.

அது வீட்டில் இருந்த வாரத்தில்தான் என் மகனுக்கு வயிற்றுவலி வந்தது.

வாய்வு என்றான். ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்று அவள் சொன்னாள். ஒரு நாள் வயிற்றைக் காயப்போட்டால் சரியாகிவிடும் என்று நான்தான் தடுத்தேன். இரண்டாம் நாள் அவள் பால் காய்ச்சிக் கொடுத்தாள். மூன்றாம் நாள் காலையில், வலி விட்டுவிட்டது என்று சிரித்தான். மத்தியானத்துக்குள் உடம்பு அனலாகக் கொதித்தது. ஆஸ்பத்திரி வாசலில் ஸ்ட்ரெச்சர் வருவதற்குள் போய்விட்டான். குடல்வால் வெடித்துச் சீழ் பரவிவிட்டது என்றார் டாக்டர். முப்பத்தாறு வயசு.

அவள் அழவில்லை. நாலு பேர் பார்க்கும்படி அழவில்லை என்று சொல்ல வேண்டும். அவன் கருவிப்பெட்டியைத் திறந்து ஒவ்வொன்றாகத் துடைத்து, திரும்ப அடுக்கி மூடினாள். என் மகள், அதாவது அவளுடைய நாத்தனார், அதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். மூன்று நாள் கழித்துத் தம்பியின் துணிகளை எடுத்து மடிக்க வந்தவள், கட்டிலடியில் அந்தப் புத்தகத்தைக் கண்டாள். புரட்டினாள். குறி போட்ட இடத்தை எல்லாம் வாசித்தாள். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. புத்தகத்தைத் துண்டில் சுற்றிக்கொண்டு நேராகப் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போனாள்.

வந்த இன்ஸ்பெக்டர் தணிந்த குரலில் பேசுகிறவர். என் மகனின் நாற்காலியில் உட்கார்ந்து புத்தகத்தை விரித்தார். மருமகள் அடுப்படிக் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள். வாசலில் தெரு முழுக்க நின்றது.

"பாட்டி, இந்தக் குறி எல்லாம் யார் போட்டது?"

"அவதான் போட்டா. ஆனா எல்லாம் என் குறி."

"உங்களுக்குப் படிக்கத் தெரியுமா?"

"தெரியாது."

"அப்புறம் எப்படிப் பாட்டி அது உங்க குறி?"

வாசலில் சிரித்தார்கள். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. புத்தகத்தை வாங்கி, முதலில் கண்ணில் பட்ட குறியில் விரலை வைத்து, அந்த இடம் முழுவதையும் ஒப்பித்தேன். எந்தப் பொட்டலம், எங்கே ஒளித்து வைத்தாள், எத்தனை நாள் இடைவெளி, புருஷன் என்ன கேட்டான், அவள் என்ன சொன்னாள். ஒரு சொல் பிசகவில்லை. முடித்துவிட்டு, இப்போது என்ன சொல்கிறாய் என்கிற மாதிரி இன்ஸ்பெக்டரைப் பார்த்தேன். அவர் என் விரல் இருந்த இடத்தைப் பார்த்தார். அங்கே இருந்தது இரண்டாம் புருஷனைப் புதைத்த இடமாம். நான் சொன்னது எட்டுத் தாள் முன்னால் இருந்ததாம்.

அதோடு போயிருந்தால் பரவாயில்லை. கூட வந்த போலீஸ்காரன் நான் சொன்னதை எல்லாம் எழுதிக்கொண்டான். காதால் கேட்ட கிழவிக்கே இத்தனை மனப்பாடம் என்றால், வாசித்தவளுக்கு எத்தனை இருக்கும் என்று அதற்குக் கீழே எழுதினான். அவளைக் காப்பாற்ற நான் திறந்த வாய் அவளை ஜீப்பில் ஏற்றிவிட்டது.

பதினொரு நாள் வைத்திருந்தார்கள். புதைத்த என் பிள்ளையின் உடம்பைத் தோண்டி எடுத்து அறுத்துப் பார்த்தார்கள். குடலைச் சோதனைக்கு அனுப்பினார்கள். விஷம் இல்லை, குடல்வால்தான் என்று தாளில் எழுதிக் கொடுத்து அவளை விட்டார்கள். அந்தத் தாளை இந்தத் தெருவில் யாரும் வாடகைக்குக் கேட்கவில்லை.

அவளை வீட்டில் சேர்க்கக்கூடாது என்றாள் என் மகள். "ஒண்ணு அவ இருக்கணும், இல்ல நான் வரணும். நீயே சொல்லும்மா."

"அவ இருப்பா. உனக்கு வழி தெரியும்" என்றேன். பெற்ற மகளிடம் சொன்னேன். இன்றைக்கும் அதில் மாற்றமில்லை.

கடை முதலாளி அவளை வேலையை விட்டு நிறுத்துவார் என்று நினைத்தேன். அந்த மனுஷன் அதைவிடக் கெட்டிக்காரர். உள்ளே பசை ஒட்டிக்கொண்டிருந்தவளை வாசலோரம் ஸ்டூல் போட்டு உட்கார வைத்தார். போலீஸ் திருப்பிக் கொடுத்த அந்தப் புத்தகத்தில் குறிகளை அழிக்க விடவில்லை. கடையில் அதற்குத்தான் அதிகக் கிராக்கி. வாங்க வருகிறவர்கள் புத்தகத்தை ஒரு தரமும் அவள் விரலை ஒரு தரமும் பார்ப்பார்கள். ஒருத்தி பால் பாக்கெட்டை நீட்டி, "இதுக்கு எவ்வளவு போடணும்கா, கொஞ்சம் சொல்லித் தாங்களேன்" என்று கேட்க, கூட வந்தவள் சிரித்துச் சிரித்துச் சுவரில் சாய்ந்தாளாம். பால்காரி என்றே பெயர் வைத்துவிட்டார்கள்.

வேறு வேலை தேடேன் என்று சொல்லிப் பார்த்தேன்.

"எங்க போனாலும் பேரு எனக்கு முன்னாடி போய் நிக்கும், அத்தை. வெளியில என்ன வேணா சொல்லட்டும். வீட்ல நீங்க ஒருத்தர் நம்புறீங்க. அதுல என் பொழப்பு ஓடிடும்."

அப்படி ஓடிக்கொண்டிருந்த பிழைப்பில்தான் அந்த எழுத்தாளர் வந்து சேர்ந்தார். வேறு யாருமில்லை, மூன்று புருஷன்காரியின் கதையை எழுதின அதே ஆள். முதலில் கடைக்குப் போய் அவளிடம் பேச்சுக் கொடுத்திருக்கிறார். அவள் வாயைத் திறக்கவில்லை. வீட்டுக்கு வந்து என்னிடம் சொன்னாள், "அந்த ஆள் இங்க வந்தா கதவைத் திறக்காதீங்க, அத்தை. நீங்க ஒண்ணு சொல்வீங்க, அவர் அதையே வேற மாதிரி அடுக்குவார்." சரி என்று தலையாட்டினேன்.

மறுநாள் அவள் வேலைக்குப் போயிருக்கும்போது அவர் கதவைத் தட்டினார், நான் திறந்தேன். ஒல்லியாக, தொண்டையைச் செருமிச் செருமிப் பேசுகிறவர். அத்தனை கொலையை எழுதின கை என் வீட்டு டம்ளரைப் பிடித்திருந்தது. எனக்குத் தலைகால் புரியவில்லை. ஆனால் அதற்காக மட்டும் பேசவில்லை. டாக்டர் தாளை நம்பாத தெரு அச்சான புத்தகத்தை நம்பும் என்று கணக்குப் போட்டேன். நானே அப்படித்தானே? அவர் எழுதினதில் ஒரு சொல்லையாவது நான் சந்தேகப்பட்டிருக்கிறேனா?

"நீங்க சொல்றத அப்படியே போடுறேன்மா" என்றார். நாலு நாள் வந்தார். அவள் அழாமல் கருவிகளைத் துடைத்ததைச் சொன்னேன், எவ்வளவு அழுத்தமான பெண் பாருங்கள் என்று. அவள் தன் கையால் பால் காய்ச்சிக் கொடுத்ததைச் சொன்னேன், எவ்வளவு பாசம் பாருங்கள் என்று. பதினான்கு குறியையும் சொன்னேன். அவர் எழுதிக்கொண்டே இருந்தார்.

ஏழு மாதத்தில் புத்தகம் வந்தது. சொன்ன சொல் தவறாமல் எல்லாவற்றையும் அப்படியே போட்டிருந்தார். அழாததைப் போட்டிருந்தார், பாலைப் போட்டிருந்தார், குறிகளைப் போட்டிருந்தார். டாக்டர் சொன்னது கடைசித் தாளில் இரண்டு வரி. அட்டை போட வேண்டியவள் என் மருமகள்தான். கடைக்கு வந்த பன்னிரண்டு பிரதிக்கும் பழுப்புத் தாள் சுற்றி, பையில் போட்டுக்கொண்டு, வீடு வீடாகக் கொடுத்தாள். தையல்காரி முதல் ஆளாக வாங்கிக்கொண்டாள்.

ஒன்றை வீட்டுக்கும் கொண்டுவந்தாள். "நீங்க சொன்னதுதான். கேளுங்க" என்று ஜன்னலோரம் உட்கார்ந்தாள். வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. கேட்க ஆசைதான்.

மூன்று மத்தியானம் வாசித்தாள். அதே குரல், அதே சீர். என்னை வெள்ளை மனசுக்காரி என்று எழுதியிருந்தார். மூன்றாம் நாள் பால் காய்ச்சுகிற இடம் வந்தது. என் மகன் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருக்கிறான். அவள் அடுப்படியில் நிற்கிறாள். கரண்டி டம்ளரில் படுகிற சத்தம். உண்மையில் அன்றைக்கு நான் அந்த அடுப்படியில்தான் இருந்தேன். ஆனாலும் அவள் வாசிக்க வாசிக்க, நான் பார்த்தது மங்கிக்கொண்டே போய், அவர் எழுதினது என் கண்முன் நடந்தது. பட்டாணியை வைத்துவிட்டேன்.

"ஏண்டி, அன்னைக்குப் பால்ல என்ன போட்ட?"

கேட்டது என் வாய்தான்.

அவள் புத்தகத்திலிருந்து கண்ணை எடுத்து என்னைப் பார்த்தாள். கோபம் எதுவும் இல்லை அந்த முகத்தில். "சக்கரை, அத்தை. ரெண்டு கரண்டி. டப்பாவை நீங்கதான் எடுத்துக் கொடுத்தீங்க."

பிறகு விட்ட வரியிலிருந்து தொடங்கி, அந்த அத்தியாயம் முடிகிறவரை வாசித்தாள்.

மறுநாள் காலையில் எனக்கு மத்தியானத்துக்கும் சேர்த்துச் சமைத்து மூடி வைத்தாள். மாத்திரைப் புட்டிகளை எடுத்து வந்தாள். எனக்கு எழுத்துத் தெரியாதென்று அவற்றின் கழுத்தில் கலர் நூல் கட்டியிருந்தாள். சிவப்பு எப்போது, பச்சை எப்போது என்று சொல்லி, என்னையும் ஒரு தரம் திருப்பிச் சொல்லச் சொன்னாள். சொன்னேன். துணிகளை ஒரு சின்னப் பெட்டியில் வைத்துக்கொண்டாள். கடைப் பையை ஆணியில் மாட்டினாள். எங்கே போகிறாய் என்று நான் கேட்டிருக்கலாம். உன்னை நம்புகிறேன் என்று சொல்லியிருக்கலாம். அந்நிய மனுஷனிடம் நாலு நாள் ஓயாமல் பேசினவள், மாத்திரைப் புட்டிகளை வரிசையாக அடுக்கிக்கொண்டிருந்தேன். நேற்றுக் கேட்டுவிட்டு இன்றைக்கு நம்புகிறேன் என்றால் அவள் எந்தக் காதில் போட்டுக்கொள்வாள்?

"வரேன் அத்தை" என்றாள். எல்லா நாளும் சொல்கிற மாதிரியே சொன்னாள்.

ஜன்னலிலிருந்து பார்த்தேன். தையல்காரி அப்போதுதான் எதிர்வாசலில் கடையை விரித்துக்கொண்டிருந்தாள். பெட்டியைப் பார்த்தாள். மெஷின் மேல் இருந்த அந்தப் புதுப் புத்தகத்தை எடுத்து நீட்டினாள். "முடிச்சுட்டேன். முடிவு சப்புன்னு இருக்கு. சாயங்காலம் வேற கொண்டா."

என் மருமகள் பெட்டியை இடது கைக்கு மாற்றிக்கொண்டு, வலது கையை நீட்டி அதை வாங்கினாள். மடங்கியிருந்த தாளின் முனையைக் கட்டைவிரலால் நீவிவிட்டாள். கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நடந்தாள். தெருமுனையில் கடை இடதுபக்கம். அவள் வலதுபக்கம் திரும்பினாள்.