ஆநிரை மீட்டவனுக்கு முழங்கிய தவில்

பாரிசின் புறநகர் லா கூர்னெவிலிருந்து நாள்தோறும் தொடருந்தேறி வந்து, நகரின் ரூ பிலிப்-து-ஜிரார் தெரு உணவகமொன்றில் கொத்துரொட்டி போடுபவன் கரிகாலன். ஆண்டுதோறும் விநாயகப் பெருமானின் தேர் வீதியுலா வருகையில் முன்னே முழங்கும் தவில்களுள் ஒன்று அவனுடையது. அந்த ஒரு நாளுக்காகவே மற்ற நாள்களில் வெங்காயம் அரிகிறான் எனலாம்.

இவ்வாண்டு வட்டாரத் திரையரங்கொன்று, நூறாண்டுக்கு முந்திய அமெரிக்க ஊமைக் குறும்படத்துக்கு நேரில் வாசிக்க அவனை அழைத்தது. கொள்ளையர் கவர்ந்த மாட்டு மந்தையை அகன்ற தொப்பியணிந்த மேய்ப்பன் ஒருவன் தனியனாய்க் குதிரையேறி மீட்கும் கதை. தேருக்கு வாசிக்கும் மேளக் குழுவின் தலைவர் தவரத்தினம் இதனை அறிந்து உணவகத்துக்கே வந்துவிட்டார்.

“தேருக்கு முன்னாலை அடிக்கிற தவிலைக் கள்ளற்றை படத்துக்கு அடிக்கப்போறியோ? அப்பிடியெண்டால் இந்தமுறை எங்களோடை வராதை.”

“கள்ளரைத் தனிய மறிச்சவன்ரை படம், அண்ணை.”

“அந்தத் தொப்பிக்காரன் உனக்கு என்ன முறையடா?”

“மச்சான் முறை.”

தகட்டில் கொத்தும் ஓசை நிற்கவேயில்லை.

ஆநிரை மீட்டல் நம் பழஞ்செய்யுளுக்குப் புதிய பொருளன்று. கரந்தைப் பூச்சூடிப் புறப்பட்ட மறவனுக்கும் இந்தப் படத்து மேய்ப்பனுக்கும் இடையே துப்பாக்கி ஒன்றே வேற்றுமை. முன்னவனுக்குப் பறை முழங்கியது. பின்னவனுக்குத் தவில் முழங்கினால் எந்தத் தெய்வம் முகம் சுளிக்கும்?

கரிகாலன் வாசித்தான். கொள்ளையர் பாய்ந்தபோது சூரன்போருக்குரிய விரைநடையை எடுத்தான். மந்தையைக் காத்து நின்ற மேய்ப்பனின் தோழன் குண்டுபட்டு விழுந்தான். அக்கணமே கரிகாலனின் கைகள் நின்றன. தவில் மங்கல வாத்தியம், சாவுக்கு ஒலிக்காது. ஏதோ பழுதென்று அஞ்சிய அரங்கத்தார் அடிக்குமாறு சைகை காட்டினர். அவன் அசையவில்லை. தோழனைப் புதைத்த குழியை மூடி மேய்ப்பன் தனியே குதிரையேறிய பின்னரே கழி எழுந்தது.

பின்வரிசையில் இருந்து பார்த்த தவரத்தினம் வாசலில் அவனை மறித்தார்.

“சாவுக்கு நீ அடிக்கேல்லை, கண்டனான். தேருக்கு வா. இனி உப்பிடியான இடங்களுக்குப் போகமாட்டன் எண்டு ஒரு சொல்லுச் சொல்லு, அதுவே காணும்.”

“அடுத்த மாதம் இன்னொரு படத்துக்குக் கேட்டிருக்கினம், அண்ணை. ஓமெண்டு சொல்லிப்போட்டன்.”

தேர் நாளன்று கோயிலிருக்கும் ரூ பஜோல் தெருவில் தவில்கள் அவனின்றி முழங்கின. கரிகாலன் வேட்டியுடுத்து, வெற்று மார்புடன் அடியார் நடுவே வடம் பிடித்தான். முன்னே நாதஸ்வரம் ஏந்திச் சென்ற தவரத்தினம் ஒருமுறை திரும்பிப் பார்த்தார். அவர் கண்ணை நேரே நோக்கியபடி, கூட்டத்தின் குரலுக்கும் மேலாக “அரோகரா” என்று முழங்கி, அவன் வடத்தை இழுத்தான்.