கச்சான் சரையில் வந்த நூற்பட்டியல்

பள்ளிக்கூடம் விட்டதும் நானும் என் சிநேகிதியும் பஸ் நிலையத்துக்கு எதிரே தள்ளுவண்டிக்காரரிடம் ஆளுக்கொரு கடதாசிச் சரையில் வறுத்த கச்சான் கடலை வாங்குவோம். எழுபதுகளின் கடைசி அது. கல்முனையில் ஒரு பெண்கள் பள்ளிக்கூடத்தில் நான் சரித்திரம் படிப்பித்தேன், அவள் ஆங்கிலம் படிப்பித்தாள். நான் முக்காடு போட்டவள், அவள் மெதடிஸ்த குடும்பத்துப் பெண். எங்கள் இருவருக்கும் படிக்கக் கிடைத்தது ஒருநாளும் போதாது. அதனால் கச்சான் தீர்ந்த பிறகு சரைக் கடதாசியையும் பிரித்துப் படிப்போம். அநேகமாக யாரோ ஒரு பிள்ளையின் கொப்பித்தாளாக இருக்கும்.

அன்று என் கையில் இருந்தது அச்சடித்த ஆங்கிலத் தாள். ஏதோ ஒரு பட்டியலின் நடுப்பகுதி, நான்காவது புத்தகத்திலிருந்து ஒன்பதாவது வரை. ஒவ்வொரு பெயருக்கும் கீழே இரண்டு மூன்று வரி எழுதியிருந்தது. ஒன்றைப் பற்றி, சிறையில் எழுதியது, ஆனால் சிறையைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை என்றிருந்தது. இன்னொன்றை, ஆசிரியரின் கோபத்தைப் பொறுத்துக்கொண்டு வாதத்துக்காகப் படியுங்கள் என்றிருந்தது. புத்தகம் படிக்கச் சொல்லும் ஒருவர் இப்படிப் பக்கத்தில் இருந்து கதைப்பதை நான் அதுவரை கண்டதில்லை.

“என்னத்தப் பத்தின புத்தகங்கள் இது?” என்று கேட்டேன்.

அவள் தன் கடதாசியைப் பிரித்தாள். பட்டியலின் தலைப்பும் முதல் மூன்று புத்தகங்களும் அவளிடம் இருந்தன. “அனார்க்கிசம். அரசாங்கமே வேணாமெண்டு சொல்ற ஆக்கள்.”

“அப்படியும் ஆக்கள் இருக்காங்களா?”

“பட்டியலே போட்டிருக்கே.”

திரும்பி ஓடினோம். தள்ளுவண்டிக் கொக்கியில் மிச்சப் புத்தகம் தொங்கியது. தடித்த புத்தகம். வண்டிக்காரர் அதைப் பின்பக்கமிருந்து கிழித்துக்கொண்டு வந்திருந்தார்.

“மருமகன் அறுகம்பேயில வெள்ளக்காரன் தங்குற ஊட்ல வேல. அவனுகள் படிச்சிட்டு உட்டுட்டுப் போற புத்தகம்” என்றார்.

“இத எங்களுக்குத் தாங்க காக்கா. ஒரு கட்டு பழைய சோதனைத்தாள் கொண்டந்து தாறம்.”

அவர் யோசித்தார். “சோதனைத்தாள் மெல்லிசு மகள். ரெண்டு கட்டுத் தாங்க.”

ஒத்துக்கொண்டோம். ஆனால் பத்தாவது புத்தகம் முதல் கடைசி வரையுள்ள தாள் இல்லை. எங்களுக்கு முன் வாங்கியது யார் என்று கேட்டேன். பெரியநீலாவணையிலிருந்து வந்து மீன் விற்கும் பெண், இப்போதுதான் பஸ் ஏறினாள் என்றார். நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தோம். அடுத்த பஸ் கிளம்பிக்கொண்டிருந்தது. ஏறிவிட்டோம்.

கடற்கரைப் பக்கம் நாலு வாசலில் விசாரித்து அவளுடைய வீட்டைக் கண்டுபிடித்தோம். முற்றத்து அடுப்பில் கேத்தல் கொதித்துக்கொண்டிருந்தது.

“அந்தக் கடதாசியா? அடுப்பு மூட்டிட்டனே பிள்ள” என்றாள் அவள். எங்கள் முகத்தைப் பார்த்துப் பதறி, “காணி உறுதிப் பத்திரமா அது?” என்று கேட்டாள்.

“இல்லக்கா. புத்தகங்களின்ட பேரு.”

அவள் சிரித்த சிரிப்பில் எங்களுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அந்தத் தாளால் கொதித்த தண்ணீரிலேயே எங்களுக்கு வெறுந்தேத்தண்ணி ஊற்றித் தந்தாள்.

அடுத்த இரண்டு மாதம் அந்தப் புத்தகத்தோடுதான் கிடந்தோம். அவள் வாசித்துத் தமிழில் சொல்வாள், நான் கொப்பியில் எழுதுவேன். முதல் சொல்லிலேயே சிக்கல். அகராதியில் பார்த்தால் அராஜகம், குழப்பம் என்று இருந்தது. புத்தகமோ, ஆள்பவன் இல்லாமலே ஒழுங்கு இருக்க முடியும் என்று பக்கம் பக்கமாக வாதாடியது. சுவிஸ் மலையில் கடிகாரம் செய்தவர்கள் வேலை செய்துகொண்டே இதை விவாதித்தார்களாம். ஸ்பெயினில் கிராமங்கள் நிலத்தைச் சேர்த்து உழுது விளைச்சலைப் பங்கிட்டனவாம். நான் படித்ததும் படிப்பித்ததும் மன்னர்களின் சரித்திரம். அந்தப் புத்தகத்தில் மன்னர்கள் ஓரத்தில் நின்றார்கள். ஒரு நாள் வகுப்பில் பாதிப் பாடத்தில் நிறுத்திவிட்டேன். பாடப்புத்தகத்தில் இருந்த குளத்தை மன்னர் கட்டினார் என்று சொல்ல வாய் வரவில்லை.

வாப்பாவுக்கு மாவடிப்பள்ளிப் பக்கம் வயல் இருந்தது. ஸ்பெயின் கதையைக் கேட்டுவிட்டு அவர், “இதில என்ன புதுசு? வட்டை விதானைய நாங்கதானே தெரிஞ்செடுக்கிற. தண்ணிய அவர் பங்கு வைக்கிறார். சரியில்லாட்டி அடுத்த போகத்துக்கு வேற ஆள்” என்றார்.

“அப்ப நீங்களும் இந்தக் கட்சிதான் வாப்பா.”

“பொறு. வாய்க்கால் தலைப்பில பெரிய போடியார்ட காணி. அவர் நெனச்ச நேரம் மடையத் திறந்தா ஆர் கேக்கிற? அதுக்கு உன்ட புத்தகத்தில என்ன இரிக்கி?”

தேடிப் பார்த்தேன். அதற்கு நேரான பதில் இல்லை. இருந்த பதில்களும் வாப்பாவுக்குப் போதவில்லை.

புத்தகத்தின் முன்பக்கத்தில் லண்டனில் ஒரு சின்னப் பதிப்பகத்தின் விலாசம் இருந்தது. எரிந்துபோன தாளின் கதையையும், வட்டை விதானையையும், பெரிய காணிக்காரரான போடியாரின் மடையையும் எழுதி அனுப்பினோம். பதிலை நாங்கள் எதிர்பார்க்கவில்லை. மூன்று மாதம் கழித்துத் தபால்காரர் ஒரு பொதியைக் கொண்டுவந்தார். இல்லாத பக்கத்தைத் தட்டச்சில் அடித்து வைத்திருந்தார்கள். பட்டியலில் இருந்த புத்தகங்களில் இரண்டும் உள்ளே இருந்தன. ஒரு கேள்வியும் இருந்தது: எல்லோரும் கூடி வாய்க்கால் வெட்டும் நாளில் ஒருவர் வராவிட்டால் என்ன செய்வீர்கள்?

வாப்பாவிடம் கேட்டேன். “சனம் அவனோட கதைக்காது. அது போதும்” என்றார். அதை அப்படியே மொழிபெயர்த்து அனுப்பினோம்.

அதன் பிறகு நாங்களே தமிழில் ஒரு பட்டியல் தயாரித்தோம். படித்த புத்தகங்களுக்குக் கீழே எங்கள் அபிப்பிராயம், வாப்பாவின் ஆட்சேபம் உட்பட. கையால் எழுதிய நாலு பக்கம் ஆசிரியைகளிடையே கைமாறியது. ஒரு சனிக்கிழமை பின்னேரம் சிநேகிதி வீட்டு விறாந்தையில் ஏழு பேர் கூடினோம்.

“ஆர் தலைம தாங்குற?” என்றார் மூத்த ஆசிரியை ஒருவர்.

“தலைவர் வேணாமெண்டுதானே படிச்சிரிக்கம்” என்றேன்.

ஏழு பேரும் ஒரே நேரத்தில் கதைத்தோம்.

“அரசாங்கம் இல்லாட்டி பள்ளிக்கூடத்த ஆர் நடத்துற?” என்று அதே ஆசிரியை குரலை உயர்த்திக் கேட்டார்.

“இப்ப மட்டும் ஆர் நடத்துற டீச்சர்? நாமதானே” என்றாள் சிநேகிதி.

பள்ளிவாசலில் மஃரிபு பாங்கு சொல்லும்வரை அந்த ஒரு வரியிலேயே நின்றோம். திங்கட்கிழமை அதிபரிடம் போய், அடுத்த பள்ளித் தவணையின் பாட நேரசூசியை ஆசிரியைகள் கூடிப் போடுகிறோம் என்று கேட்டோம். அவருக்கும் அது தலையிடியாக இருந்திருக்க வேண்டும், உடனே சம்மதித்தார். முதல் வாரத்தில் ஒரே நேரத்தில் இரண்டு வகுப்புகளுக்கு ஒரே ஆசிரியை விழுந்தார், ஒரு வகுப்புக்கு ஒருவருமே இல்லை. இடைவேளையில் நின்றபடியே கூடிக் கதைத்துச் சரிசெய்தோம். வெள்ளிக்கிழமை கடைசிப் பாடங்களை யார் எடுப்பது என்ற பழைய சண்டை, முறைவைத்ததும் முடிந்தது.

அதற்கடுத்த தவணைக்கும் நேரசூசி போடும் வேலையை அதிபர் திருப்பிக் கேட்கவில்லை.