அண்ணன் நடித்த அப்பா

படம் முடிந்து விளக்குகள் எரிந்த பிறகும் அப்பா நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை. பொத்தான் போட்ட கோட்டும் மடிப்புக் கலையாத வேட்டியுமாக வெறும் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். "அவ்வளவுதானா?" என்று என்னைக் கேட்டார். அண்ணன் வருவான் வருவான் என்று கடைசிவரை காத்திருந்தோம். நடுவில் ஒரு கிழவர் கதவைச் சாத்தத் திரும்புகிறார், முதுகு தெரிகிறது, அடுத்த கணம் தோட்டத்தில் கதாநாயகி பாடுகிறாள். அந்த முதுகுதான் அண்ணன்.

அப்பா சாந்தோமில் பள்ளி ஆசிரியர். அம்மா இல்லாத வீடு. குருமடத்தில் படித்துச் சாமியாராகப் போவான் என்று அவர் நம்பியிருந்த ஒரே மகன், இருபது வயதில் நாடகக் கம்பெனியில் சேரப்போவதாகச் சொன்னபோது, "இந்த வீட்டுல இனிமே உனக்கு இடமில்ல" என்று அனுப்பிவிட்டார். பிறகு அவன் பெயர் எங்கள் ஜெபத்தில்கூட வந்ததில்லை. நாடகத்திலிருந்து சினிமாவுக்கு வந்த அண்ணன் தியாகராய நகரில் ஓர் அறையில் தங்கியிருந்தான். தபால்காரன், வைத்தியர், கல்யாண வீட்டில் கோபித்துக்கொள்ளும் மாமா என்று ஒரு வரி, இரண்டு வரி வேஷங்கள். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் கோயிலுக்குப் பின்னால் கடற்கரையில் என்னைப் பார்க்க வருவான். நாள் முழுக்க வேஷத்தோடு நின்றுவிட்டு ஒன்றும் பேசாமல் திரும்பிய கதைகளைச் சிரித்துக்கொண்டே சொல்வான்.

எட்டு வருஷம் இப்படிப் போயிற்று. அந்தத் தவக்காலத்தில் வந்தவனின் முகமே வேறாக இருந்தது. கதாநாயகனுக்குத் தகப்பனார் வேஷமாம். ஒரு முழுக் காட்சி அவனுடையதாம். "நான் உன்கிட்ட எதுவும் கேட்டதில்லம்மா. இந்த ஒரு படத்துக்கு அப்பாவ எப்படியாவது கூட்டிக்கிட்டுப் போ" என்றான். அப்பா பார்த்த பிறகுதான் தானும் பார்ப்பதாக வீம்பு வேறு. ஈஸ்டர் கழிந்ததும் மெதுவாகச் சொன்னேன். படம் வந்த சனிக்கிழமை காலையில் பார்த்தால், தம் பூட்ஸுக்குத் தாமே பாலிஷ் போட்டுக்கொண்டிருந்தார்.

யுத்த காலம் அது. பிலிம் தட்டுப்பாட்டினால், படம் இத்தனை அடிக்குமேல் போகக்கூடாது என்று சர்க்கார் உத்தரவு. எடுத்து முடித்த படத்தை வெட்டிச் சுருக்கியிருக்கிறார்கள். பாட்டை வெட்ட மனம் வருமா? கதாநாயகனைத்தான் வெட்ட முடியுமா? இதெல்லாம் எங்களுக்குப் பின்னால் தெரிந்தது.

"இன்னா நைனா, படம் நல்லா கீதா?" என்றார் ரிக்‌ஷாக்காரர். அப்பா வண்டியில் ஏறி உட்கார்ந்தார். வீட்டுக்கு வெளியே, சலவைச் சட்டையில் அண்ணன் நின்றிருந்தான்.

"பிடிக்கலியாப்பா?"

"நீ வரவே இல்லியேப்பா."

எட்டு வருஷத்துக்குப் பிறகு அவர் அவனிடம் பேசிய முதல் வார்த்தை. அவனுக்குப் புரியச் சற்று நேரமாயிற்று. புரிந்ததும், தலையைக் குனிந்துகொண்டு போகத் திரும்பினான். அப்பா அவன் கையைப் பிடித்தார்.

"உள்ள வா. அங்க என்ன பண்ணினியோ, அத இங்க பண்ணிக் காட்டு."

கூடத்தில், மாலை வெயிலில், வேஷமில்லாமல் நடித்தான். மகனைத் துரத்தும் தகப்பன். அப்பாவின் அதே குரல். பேசுமுன் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மடிக்கும் அதே நிதானம். கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டான். போட்ட கையை எடுக்கவில்லை. தாழ்ப்பாளைப் பிடித்தபடி, கதவில் நெற்றியைச் சாய்த்து நின்றான். நின்றுகொண்டே இருந்தான்.

அண்ணனை அனுப்பிய அன்றைக்கு அப்பாவும் அப்படித்தான் நின்றார். பார்த்தது பதினொரு வயதுச் சிறுமியான நான் ஒருத்திதான், யாரிடமும் சொன்னதில்லை.

"நீ சொன்னியா?" என்று அப்பா என் பக்கம் திரும்பினார்.

"யாரும் சொல்லலப்பா" என்றான் அண்ணன், கதவைப் பார்த்தபடியே. "நீங்க அப்படித்தான் நின்னிருப்பீங்கன்னு நானா நெனச்சுக்கிட்டேன்."

அப்பா அவன் கையை விலக்கிவிட்டுத் தாழ்ப்பாளைத் திறந்தார். கதவை அகலத் திறந்து வைத்துவிட்டு, "சாப்பிட்டுட்டுப் போ" என்றார்.

அண்ணன் அதன்பிறகும் முப்பது வருஷம் நடித்தான். அப்படி ஒரு காட்சி அவனுக்குத் திரும்ப அமையவில்லை. அப்பா இருந்தவரை ஒரு படத்தையும் விட்டதில்லை. அவன் வரும் இடத்தில் என் கையைத் தட்டுவார். இப்போது தொலைக்காட்சியில் அந்தக் காலத்துப் படம் ஓடினால், பேரப்பிள்ளைகள் என்னைக் கூப்பிட்டு நான் வந்து உட்காருவதற்குள் அவன் வந்து போயிருப்பான். இருவரும் போய்விட்டார்கள். அந்தக் கூடத்தில் அவன் நடித்ததைப் பார்த்தவள் என்று நான் ஒருத்திதான் மிச்சம். எழுதி வைக்கிறேன்.