மரத்தூள் அடங்கிய அதிசயம்

இன்று காலை வீட்டுப் பட்டறையில் கண்டதை இன்னும் நம்ப முடியவில்லை.

தூசி உறிஞ்சும் மோட்டாருக்கு நான் கட்டியிருந்தது தலையணை உறை. என் படிப்புக்கு அவ்வளவுதான் எட்டியது. பொடித்தூள் வீடெல்லாம் பறக்கும். மகளுக்கோ மூச்சிழுப்பு.

"இனி பிள்ள ஒரு தடவ இருமினா, ரம்பம் ஆத்துக்குத்தான் போவும்" என்றாள் மனைவி.

முக்கூடல் அரிசி மில்லில் ஃபிட்டராக இருக்கும் அண்ணாச்சி வந்து பார்த்துச் சிரித்தார். "மில்லுல தவிட்ட எப்படிப் பிடிக்குதோம்? காத்தச் சுத்த விடும் வே. தூசி பையப் பைய கீழ இறங்கிரும்."

காற்று உள்ளே சுழன்று வரும்படி தகரத்தில் கூம்பு செய்து, அடியில் எண்ணெய் டின் வைத்து, மோட்டாருக்கு முன்னால் பொருத்தினார்.

ஒரு பலகை முழுதும் அறுத்தேன். டின்னுக்குள் ஒரு படி தூள். தலையணை உறையைத் தடவினேன். கையில் ஒன்றும் ஒட்டவில்லை. வெறும் காற்றா இத்தனையும் பிரித்தது!

மகள் வாசலிலேயே நின்று பார்த்தாள். ஒரு இருமல்கூட இல்லை.

"அப்போ அந்த அலமாரிய எப்போ செய்யப் போறீங்க?" என்றாள் மனைவி. நாலு வருஷமாகத் தூசியைத்தான் சாக்குச் சொல்லி வந்தேன். வேறு நல்ல சாக்கு தெரிந்தவர்கள் உடனே எழுதவும்.